எட்ட நின்றால் கேட்கும் நடை

அளக்கரையில் செண்பகவடிவின் நடைக்குச் சத்தம் வந்தது, திரைப்பட வட்டத்தின் ஆண்டு விழாவுக்கு மறுநாள் காலையில். பால் வாங்கப் போனவள் தெருமுனையைத் திரும்பியிருப்பாள்; பின்கட்டில் பல் துலக்கிக்கொண்டிருந்த அவள் புருஷன் பொன்னுலிங்கத்துக்கு, உப்புக் குவியலின் மேல் யாரோ பார்த்துப் பார்த்துக் கால் வைப்பது போல நறுக், நறுக் என்று கேட்க ஆரம்பித்தது. வாயில் நுரையோடு சுவருக்கு மேலே எட்டிப் பார்த்தார். ஆள் இல்லை. சத்தம் பால் கடை வரைக்கும் போய், மீதிச் சில்லறை வாங்குகிற நேரம் நின்று, திரும்பி, வீட்டை நெருங்க நெருங்கத் தேய்ந்து, வடிவு வாசல்படி ஏறியபோது ஒன்றுமே இல்லாமல் போயிற்று. அது தெருவின் சத்தமல்ல, முந்தின சாயங்காலம் படிப்பக மண்டபத்தின் வெள்ளைச் சுவரில் ஓடிய தன் படத்தின் சத்தம் என்று அவருக்கு உடனே தெரிந்துவிட்டது. தெரிந்தபோது ஆச்சரியம் வரவில்லை. வயிற்றெரிச்சல்தான் வந்தது.

பொன்னுலிங்கம் கல்யாண வீடியோ எடுப்பவர். அந்த ஊரில் தாலி கட்டியவர்களில் பாதிப் பேர், அவர் கையைக் காட்டி நிறுத்தி, விளக்கைச் சரிசெய்து, ‘ம், கட்டுங்க’ என்று சொன்ன பிறகே கட்டியிருக்கிறார்கள். ஐம்பது வயதைத் தாண்டியபோது, மாலையும் பந்தியும் மொய்க் கவரும் இல்லாத ஒரே ஒரு படத்தைத் தனக்காக எடுத்துவிட்டுச் சாக வேண்டும் என்று அவருக்குத் தோன்றியது. சாப்பிட்டுக் கை கழுவுகிற நேரம்கூட ஓடாத படம். உப்பளத்து வரப்பில் தூரத்தில் ஒரு புள்ளி. புள்ளி ஒரு பெண்ணாகி, பெண் வடிவாகி, வடிவு நடந்து வந்து வந்து கடைசியில் அவள் முகம் மட்டும் சுவர் முழுக்க நிறைந்து நிற்கும். வெட்டு கிடையாது, வசனம் கிடையாது, பாட்டுக் கிடையாது. சத்தமே கிடையாது என்றுதான் அவர் நினைத்திருந்தார். செலஸ்டின் குறுக்கே வந்தான்.

செலஸ்டின் மைக் செட்காரன். அம்மன் கொடை விழாவுக்கும் மாதா திருவிழாவுக்கும் குழாய் ஸ்பீக்கர் கட்டுகிறவன். பள்ளிக்கூட நாளிலிருந்து பொன்னுலிங்கத்தோடு சண்டை போட்டுக்கொண்டே சேர்ந்து திரிகிறவன். அவனுடைய ஸ்பீக்கருக்காகத் திரைப்பட வட்டத்தில் அவனைச் சேர்த்தார்கள்; அவன் கருத்துச் சொல்ல ஆரம்பித்து அங்கேயே தங்கிவிட்டான்.

“சத்தமில்லாத படமா? ஊமக் கல்யாணம் மாதிரில்லா இருக்கும்” என்றான்.

“திரையில என்ன தெரியுதோ அதுக்கு மட்டும் சத்தம் வைக்கிறதா இருந்தா வையும் வே.”

“பாக்கிறதையே கேக்கணும்னா காது எதுக்கு? ரெண்டு கண்ணோட நிறுத்திக்கிட வேண்டியதுதான? நீரு ஆளக் காட்டும். நான் நடையப் போடுதேன்.”

அவன் போட்ட நடை தலைகீழாக இருந்தது. வடிவு கண்ணுக்குத் தெரியாத புள்ளியாக இருக்கும்போது காலடி காதோரத்தில் கேட்டது. அவள் கிட்டே வர வரக் காலடி எட்டப் போனது. அவள் முகம் சுவரை நிறைத்தபோது எதுவுமே கேட்கவில்லை. படம் வந்துகொண்டிருக்க, சத்தம் போய்க்கொண்டிருந்தது. மண்டபத்தில் உட்கார்ந்திருந்தவர்கள் கைதட்டினார்கள். பிறகு எழுந்து வரிசையாகச் செலஸ்டினிடம் போனார்கள். ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் அவன் கையைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. பொன்னுலிங்கத்தைத் தாண்டிப் போகும்போது மட்டும், “உங்க வீட்டம்மா போட்டோவுக்கு நல்லா விழுறாங்க” என்றார். எதை வைத்து அந்த நடையைச் செய்தான் என்று யார் கேட்டாலும் செலஸ்டின் சிரித்தான். “தொழில் ரகசியம்லா!”

ஊர் அந்த நடையை எடுத்துக்கொண்ட விதத்தைச் சொன்னால், ஏதோ வெகுநாளாக அதற்காகக் காத்திருந்த மாதிரி இருக்கும். முதல் ஓரிரு நாள் பிள்ளைகள் வடிவின் பின்னாலேயே போய், ஒன்றும் கேட்காமல் ஏமாந்து, பிறகு விஷயம் புரிந்து, அவளைக் கண்டதும் எதிர்த்திசையில் ஓட ஆரம்பித்தார்கள். எட்ட ஓட ஓட நன்றாகக் கேட்டது. எங்கே இருந்து கேட்டாலும் அவள் எந்தத் தெருவில் நடக்கிறாள் என்பது காதுக்குத் தானாகத் தெரிந்தது. அடுத்த வீட்டு மாரிக்கனி அக்கா, வடிவு ரேஷன் கடையை விட்டுக் கிளம்பும் சத்தம் கேட்டதும் பையை எடுத்துக்கொண்டு புறப்பட்டாள், கூட்டம் குறைந்திருக்கும் என்று. பரீட்சை நாட்களில் பள்ளிக்கூடத்துக்கு அமைதி வேண்டும் என்று, எங்கே நடப்பதாக இருந்தாலும் வளாகத்துக்கு உள்ளேயே நடக்கும்படி வடிவைக் கேட்டுக்கொண்டார்கள். அவளும் வேப்பமரத்தைச் சுற்றிச் சுற்றி வந்தாள். ஒரு கல்யாணத்துக்காக அவள் திருச்செந்தூர் போன அன்று, அளக்கரையில் டீக்கடைக் கண்ணாடி டம்ளர்கள் ஒன்றோடொன்று உரசிக் கிணுகிணுத்தன. டீக்கடைச் சுடலைமுத்து போன் போட்டு, “மதினி, சாப்பிட்டாச்சுன்னா கொஞ்சம் உக்காருங்க, இல்லன்னா ஊருக்குத் திரும்பி வாங்க, கடையில ஒரு சாமான் மிஞ்சாது” என்று கெஞ்சினான். மூடுபனிக் காலையில் கடலுக்குள் திசை தெரியாமல் நின்ற படகுக்காரர்கள், வடிவின் நடை குறைகிற பக்கம் கரை என்று கண்டுகொண்டு வந்து சேர்ந்தார்கள். அதற்குப் பிறகு பனி இறங்கினால் யாராவது வந்து கதவைத் தட்டுவார்கள். “யக்கா, கொஞ்சம் கடற்கரை ரோட்டுல நடந்துட்டு வாரியளா?” வடிவு தலையில் துண்டைச் சுற்றிக்கொண்டு போய் நடந்துவிட்டு, கையில் வஞ்சிரம் மீனோடு திரும்பி வருவாள்.

கல்யாணம் நிச்சயமான பெண்களின் தாய்மார்கள் செலஸ்டின் கடைக்கு நடந்தார்கள். எங்க பிள்ளைக்கும் இதே மாதிரி ஒரு நடை போட்டுக் குடுங்க. அவனும் அரிசியில் நடந்தும், ஓலையில் நடந்தும், கண்ணாடி வளையலை உடைத்து அதில் நடந்தும் பதிவு பண்ணிப் பார்த்தான். ஒன்றும் யார் காலிலும் ஒட்டவில்லை. அது அவனுடைய பெயரை இன்னும் கூட்டியது. வடிவுக்கு மட்டும் ஒட்டியது என்றார்கள்.

அந்த ‘வடிவுக்கு மட்டும்’ பொன்னுலிங்கத்தின் தொண்டையில் மீன் முள்ளாக நின்றது.

தன் வீடியோ கடையில் உட்கார்ந்து எவனுடைய கல்யாணத்தையோ கம்ப்யூட்டரில் வெட்டி ஒட்டிக்கொண்டிருக்கும்போது, அவருடைய காது வடிவோடு ஊரைச் சுற்றும். இப்போது மீன் சந்தை. இப்போது தபால் ஆபீஸ். இப்போது மாதா கோயில் தெரு. மாதா கோயில் தெருவில்தான் செலஸ்டின் கடை. அவள் அந்தப் பக்கம் போகும்போது தனக்குச் சத்தம் கூடுகிறது. அப்படியென்றால் இந்த நேரத்தில் செலஸ்டினுக்குக் குறைகிறது. தனக்கு நன்றாகக் கேட்கிறது என்றால் அவள் தன்னிடம் இல்லை என்று அர்த்தம். ஒன்றுமே கேட்காமல் இந்த நிமிஷம் சுகமாக உட்கார்ந்திருக்கிறவன் யாரோ, அவன் பக்கத்தில்தான் அவள் நிற்கிறாள். உலகத்தில் சத்தத்தைப் பார்த்துப் பொறாமைப்பட்டவர்கள் இருக்கலாம். பொன்னுலிங்கம் அடுத்தவன் காதில் இருக்கிற நிசப்தத்தை நினைத்துப் பொறாமைப்பட்டார். நான் அவளைச் சுவர் நிறையக் காட்டினேன், அந்த உருவம் விளக்கைப் போட்டதும் அழிந்து போயிற்று. அவன் போட்ட சத்தம் அவள் காலோடு வந்து என் வீட்டில் படுத்து எழுந்திருக்கிறது.

ஊராரும் மாறிவிட்டார்கள். அவர் டீக்கடைக்குப் போனால் சுடலைமுத்து திடுக்கிட்டுக் கரண்டியைக் கீழே போடுகிறான். “எப்ப அண்ணாச்சி வந்திய?” பேசிக்கொண்டிருக்கிறவர்கள் வெடுக்கென்று பேச்சை நிறுத்துகிறார்கள். மாரிக்கனி அக்கா அவரைப் பக்கத்தில் பார்த்து நெஞ்சில் கை வைத்துக்கொள்கிறாள். என்னைப் பற்றித்தானே பேசிக்கொண்டிருந்திருப்பார்கள் என்று நினைத்து அவர் டீயைக் குடிக்காமலே திரும்புவார்.

ஒரு மத்தியானம், சோறு போட்டுக்கொண்டிருந்த வடிவிடம் கேட்டேவிட்டார்.

“மாதா கோயில் தெருவுல உனக்கு என்ன சோலி?”

“மாவு மில்லு அங்கதான இருக்கு.”

“நேத்து அங்க கரண்ட் இல்ல.”

“வார வரைக்கும் நின்னேன்.”

“நின்ன இடம் மில்லு இல்ல.”

வடிவு சிரித்துவிட்டாள். “காதுலயும் ஒரு கேமராவ மாட்டியிருக்கியளா?” குழம்பை ஊற்றியவள், கொஞ்ச நேரம் கழித்து, “ஊருக்கெல்லாம் கேக்கு, எனக்கு மட்டும் கேக்க மாட்டேங்கு. எப்படித்தாங்க இருக்கும்? முன்னயும் கேட்டேன், நீங்க சொல்லவே மாட்டேங்கிய” என்றாள்.

“சத்தம் மாதிரி இருக்கும்.”

“பெரிய கண்டுபிடிப்பு.”

“அந்தச் சத்தத்த அழிக்கச் சொல்லப் போறேன். அவன்கிட்டதான் இருக்கு. மூலத்த அழிச்சா எல்லாம் அழியும்.”

வடிவு அகப்பையைச் சட்டியில் போட்டாள். அவள் குரலை உயர்த்தவில்லை. “கல்யாணம் முடிஞ்சு இந்த வீட்டுக்கு வந்த நாள்ல இருந்து நான் வாரதும் போறதும் யாருக்குத் தெரிஞ்சுது? சோத்துப் பானை காலியா இருந்தாத்தான் நான் வீட்டுல இல்லைன்னு உங்களுக்கே தெரியும். இப்பம் கடல்ல கிடக்கவனுக்குத் தெரியுது நான் எங்க இருக்கேன்னு. அழிக்கணும்னா அழிங்க. அழிச்ச பிறகு நானும் சத்தமில்லாமப் போயிருவேன். எந்தப் பக்கம் போனேன்னு ஊர்ல ஒருத்தருக்கும் கேக்காது.”

அவள் விளையாட்டுக்குச் சொல்லவில்லை என்பது அவருக்குப் புரிந்தது. இருந்தாலும் கையைக் கழுவிவிட்டுச் செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பினார். பொறாமை ஒரு அளவுக்கு மேல் போனால், எதை இழப்போம் என்பதும் தெரியும், கால் நிற்கவும் நிற்காது.

செலஸ்டின் கடையில் குழாய் ஸ்பீக்கர்களுக்கு நடுவே தரையில் உட்கார்ந்து வயர் சுற்றிக்கொண்டிருந்தான். பொன்னுலிங்கம் அவன் முதுகுக்குப் பின்னால் போய் நின்று, “அந்தச் சத்தத்த அழியும் வே” என்றார். அவன் வயரோடு துள்ளி எழுந்தான்.

“ஏசுவே! எப்ப வே வந்தீரு? பூனையா நீரு?”

“எம் பொஞ்சாதி காலுல கட்டி விட்டிருக்கீரே, அதை அழியும்.”

“அவ காலுல நான் எதையும் கட்டல வே.”

“எதை வச்சுப் பண்ணீரு? எத்தன நாளு அவ பின்னால நடந்து கேட்டுக் கேட்டுப் பண்ணீரு? எனக்குத் தெரியாத எதையோ அவகிட்ட நீரு கேட்டிருக்கீரு. இல்லன்னா ஏன் வே இது மட்டும் ஒட்டுச்சு?”

செலஸ்டின் முதலில் சிரித்தான். பிறகு சிநேகிதனின் முகத்தைப் பார்த்தான். போய்க் கடையின் பாதி ஷட்டரை இறக்கிவிட்டு வந்தான். “வெளிய சொல்லிராதேயும். அந்த ஹெட்மாஸ்டருக்குத் தெரிஞ்சா என் மானம் போயிரும்” என்று சொல்லிக்கொண்டே ஹெட்போனை எடுத்து அவர் தலையில் மாட்டினான். “இது நான் வெட்டாத மூலம்.”

காற்று. எங்கோ ஒரு பறவை. பிறகு அந்த நடை, காதுக்குப் பக்கத்தில். நறுக். நறுக். ஒவ்வொரு அடியும் முதலில் குதிகாலால் தரையைத் தொட்டு, இது தாங்குமா என்று கேட்டுவிட்டு, அப்புறம் முழுப் பாதத்தையும் இறக்கியது. நடைக்கு நடுவே யாரோ லேசாகச் செருமினார்கள். ஃபிரேம் மனசுக்குப் பிடித்துப் போனால் தொண்டைக்குள் வருகிற அந்தச் செருமலை, ஒவ்வொரு கல்யாண வீடியோவிலும் அவரே உட்கார்ந்து தேடித் தேடி வெட்டி எறிந்திருக்கிறார்.

“இது நானு.”

“பின்ன யாரு? அவ நடைய எடுக்கணும்னுதான் வரப்புல மைக்க ஊனி வச்சேன். உம்ம வீட்டம்மா வெறுங்காலு, ஈரக் களிமண்ணு. ஒரு பொட்டுச் சத்தம் விழல. நீருதான் கேமராவத் தூக்கிக்கிட்டு, ரப்பர் செருப்போட உப்பு மேல பின்னால பின்னால போனீரு. மைக் பக்கத்துல ஆரம்பிச்சு எட்டப் போயிட்டீரு. ‘கிட்ட வர வரத் தேயுற சத்தம், என்ன கற்பனை’ன்னு எல்லாரும் சொன்னாங்கல்லா? ஒரு கற்பனையும் இல்ல. மைக்க இடம் தப்பி வச்சிட்டேன். அதுல விழுந்தது வேற ஆளு நடை. கழிச்சுப் போட மனசு வராம, உம்ம அடியை எடுத்து அவ காலுல ஒண்ணொண்ணா வச்சேன். பொருந்திப் போச்சு.”

பொன்னுலிங்கம் ஹெட்போனைக் கழற்றவில்லை. “வடிவுக்குத் தெரியுமா?”

“நேத்து மில்லுல கரண்ட் போனப்ப வந்தா. ‘எனக்கு மட்டும் கேக்க மாட்டேங்கு அண்ணாச்சி, ஒருக்கா போட்டுக் காட்டுங்க’ன்னா. மாட்டி விட்டேன். நான் வாயே திறக்கல, அவளே சொல்லிட்டா. ‘எங்க வீட்டுக்காரவுகல்லா இது. ஆனா இவ்வளவு மெதுவா அவுக நடந்து நான் கேட்டதே இல்லையே’ன்னா. முடிய முடிய மறுபடியும் போடச் சொன்னா. நான் வயர் சுத்தப் போயிட்டேன்.” அவர் செருப்பைப் பார்த்து, “உம்ம காலக் கவனிச்சீரா வே?” என்றான்.

“காலுக்கு என்ன?”

“நடந்து பாரும்.”

பொன்னுலிங்கம் சிமெண்டுத் தரையில் நடந்தார். வாசலில் கொட்டிக் கிடந்த ஜல்லியில் ஏறி நடந்தார். கீழே கிடந்த காலிப் பிளாஸ்டிக் டம்ளரை ஓங்கி மிதித்தார். அது நசுங்கியது, சத்தமில்லாமல்.

“ஊரே பதறிப் போய்க் கிடக்கு” என்றான் செலஸ்டின். “எங்கிருந்து வந்தீருன்னு தெரியாம திடீர் திடீர்னு பக்கத்துல நிக்கீரு. உம்மகிட்ட சொல்லத்தான் ஒருத்தனுக்கும் தைரியம் வரல.” அவன் கம்ப்யூட்டரைத் தன் பக்கம் திருப்பினான். “அழிக்கட்டா? அழிச்சா உம்மது உமக்குத் திரும்பிரும்னு நெனைக்கேன். உறுதி சொல்ல முடியாது.”

ஒரு நிமிஷம் பொன்னுலிங்கத்துக்கு நெஞ்சு நிறைந்தது. வேறு எவனும் இல்லை, நான்தான். இத்தனை நாளும் என்னைப் பார்த்தே பொறாமைப்பட்டிருக்கிறேன். அந்த ஒரு நிமிஷம் முடிந்ததும் பழைய எரிச்சல் வேறு பக்கமாகச் சுற்றிக்கொண்டு வந்தது. உப்பளத்தில் அன்று நடந்தவன் யார்? வெயிலில், வலது கண்ணைக் கேமராவில் வைத்து, இடது கண்ணை மூடி, பின்னால் பள்ளமா தண்ணீரா என்று ஒரு தடவைகூடத் திரும்பிப் பார்க்காமல், அவள் முகம் ஒரு நூல் அசையக் கூடாது என்பதற்காகத் தன் குதிகாலால் உலகத்தைத் தடவித் தடவிப் போனவன். அப்படி ஒருவன் தன்னோடு வீட்டில் இருந்ததாக அவருக்கு ஞாபகம் இல்லை. வீட்டுக்குள் வந்தால் கதவில் இடித்து, செருப்பை உதறி, சோறு எங்கே என்று கேட்கிறவன்தான் இருந்தான். அந்த உப்பளத்து ஆளைத்தான் அவள் முடிய முடிய மறுபடியும் போடச் சொல்லிக் கேட்டிருக்கிறாள். அவனை அழித்துவிட்டு, கதவில் இடிக்கிறவனுக்குச் சத்தத்தைத் திருப்பிக் கொடுத்தால், அவள் எதற்காக இருப்பாள்?

“அழிக்க வேண்டாம்” என்றார்.

“உம்ம காலு?”

“அவகிட்டயே கிடக்கட்டும்.”

அப்போது கடற்கரைப் பக்கமிருந்து நடை கேட்டது. செலஸ்டினுக்கும் கேட்டது. பெரிதாக, நிதானமாக, மீன் சந்தையைத் தாண்டி, தபால் ஆபீஸ் வாசலில் யாருக்கோ நின்று பதில் சொல்லி, மாதா கோயில் தெருவுக்குத் திரும்பிக் குறைய ஆரம்பித்தது. தான் வருவதைத் தானே நின்று கேட்பது எப்படி இருக்கும் என்று பொன்னுலிங்கம் அதுவரை யோசித்ததில்லை. கேட்டுக்கொண்டே இருந்தார். ஒன்றுமே கேட்காமல் ஆனபோது பாதி ஷட்டருக்குக் கீழே குனிந்து வடிவு எட்டிப் பார்த்தாள், கையில் மீன் பையோடு.

“என்ன பண்ணுதிய இங்க?” அவள் கண் கம்ப்யூட்டரிடம் போய்த் திரும்பியது. “அழிச்சாச்சா?”

“இல்ல.”

“பின்ன?”

“கேட்டுக்கிட்டு நின்னேன்.”

“என்னத்த?”

“நான் வாரத.”

வடிவு செலஸ்டினைப் பார்த்தாள். அவன் ஏற்கெனவே சுற்றி முடித்த வயரை அவிழ்த்து மறுபடியும் சுற்றிக்கொண்டிருந்தான்.

“தெரிஞ்சும் நீ ஏன் சொல்லல?” என்றார் பொன்னுலிங்கம்.

“சொல்லணும்னுதான் நேத்து கிளம்பி வந்தேன். வீட்டுக்கு வந்தா, நான் போன தெரு, நின்ன கடை, எல்லாத்தையும் ஒண்ணு விடாமச் சொல்லுதிய. இத்தன வருஷத்துல என்னை இப்படி நீங்க கவனிச்சதே கிடையாது.” அவள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். “இன்னும் ரெண்டு நாள் போகட்டும்னு விட்டுட்டேன்.”

“உங்க ரெண்டு பேருக்கும் வேற இடம் கிடைக்கலியா?” என்றான் செலஸ்டின். “கடையத் திறக்கணும் நான்.”

அவர்கள் வீட்டுக்கு நடந்தார்கள், பக்கத்துப் பக்கத்தில். சிமெண்டு ரோட்டிலும் சரி, தோண்டிப் போட்டிருந்த சரளையிலும் சரி, நான்கு காலிலிருந்தும் ஒரு சத்தம் எழவில்லை. தூங்கிக்கொண்டிருந்த நாய்கூட இவர்கள் தாண்டிப் போன பிறகுதான் தலையைத் தூக்கியது. ஆனால் இந்த நேரத்தில் உப்பளத்தில் உப்பை வாரி இழுக்கிறவர்களுக்கு அது கேட்டுக்கொண்டிருக்கும்; ஊரின் அந்தக் கோடியில் சுடலைமுத்துவுக்குக் கேட்கும்; கடலுக்குள் வலை போட்டுவிட்டுப் பீடி பிடிக்கிறவனுக்கு இன்னும் நன்றாகக் கேட்கும். அந்த உப்பளத்து ஆள் கண்ணெடுக்காமல் அவளைப் பார்த்துக்கொண்டே நடப்பதை ஊரே கேட்கிறது, தனக்கு மட்டும் இல்லை. பொன்னுலிங்கத்தின் தலை தன்னை அறியாமல் ஒரு பக்கமாகச் சாய்ந்தது.

வடிவு அதைப் பார்த்துவிட்டாள். “கேக்கணும்னா பஸ் ஸ்டாண்டு வரைக்கும் போய் நில்லுங்களேன். அங்க நல்லாக் கேக்கும். நான் மெல்ல வீட்டுக்கு நடக்கேன்.”

அவர் நின்றார். பஸ் ஸ்டாண்டுப் பக்கம் பார்த்தார். பிறகு அவள் கையிலிருந்த மீன் பையை வாங்கிக்கொண்டு, கேட்கிறவன் கேட்டுவிட்டுப் போகட்டும் என்று பல்லைக் கடித்துக்கொண்டு, அவளை விட்டு ஓரடி விலகாமல் நடந்தார்.